பிரூசாபாத்துக்கு இரண்டாம் முறை

2017 செப்டம்பர் 11, திங்கள்
கும்பகோணம்

காலையில் அபூபக்கர் வந்தான். கல்லூரியில் என்னிடம் மூன்று வருடம் வரலாறு படித்து, அதன் பிறகும் வரலாற்றின் மேல் ஆசை குறையாத ஒரே மாணவன். இப்போது ஊர் ஊராக ஆட்களை அழைத்துப்போகும் பயண நிறுவனம் நடத்துகிறான். ஒரு வண்ணத் தாளை என் மடியில் வைத்தான்.

'பாரசீகம்: பத்து நாள். உடன் வருபவர் பேராசிரியர் வேதரத்தினம், "வட்ட நகரத்தின் அரசன்" நூலாசிரியர். நாற்பத்தொரு ஆண்டுகளுக்குப் பின் மீண்டும் பிரூசாபாத் மண்ணில்.'

அந்த 'மீண்டும்' என்ற சொல்லை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

நாட்குறிப்பில் பொய் எழுதி யாரை ஏமாற்றப்போகிறேன்? நான் இதுவரை போயிருக்கும் ஒரே அந்நிய தேசம் புதுச்சேரி. 1976 கோடையில் நான் பிரூசாபாத் அரண்மனை முன்னால் நின்றதாக என் நூலின் நான்காம் அத்தியாயம் சொல்கிறது. அந்தக் கோடையில் எனக்கு மஞ்சள் காமாலை. கீழாநெல்லிச் சாற்றைக் குடித்துக்கொண்டு பின்கட்டு அறையில் படுத்திருந்தேன். இது என் மனைவி மரகதத்துக்குத் தெரியும், சாற்றை அரைத்தவள் அவள்தான்.

புத்தகம் 1994இல் வந்தது. பார்ஸ் நாட்டுச் சிற்றரசன் ஒருவனின் இளைய மகன் அர்தஷீர். பேரரசன் அர்தவானைப் போரில் கொன்று, நானூறு ஆண்டு நிலைத்த சாசானிய வம்சத்தைத் தொடங்கிவைத்தவன். இன்றைய பிரூசாபாத்தில் காம்பஸ் வைத்து வரைந்தாற்போல வட்டமாக ஒரு நகரம் கட்டியவன். அவனைப் பற்றித் தமிழில் யாரும் எழுதவில்லை என்பதால் நான் எழுதியதே சிறந்த நூலாகிவிட்டது. பரிசுகூடக் கிடைத்தது. எல்லோரும் புகழ்ந்தது நான்காம் அத்தியாயத்தை. நேரில் பார்த்தவரால்தான் இப்படி எழுத முடியும் என்றார்கள்.

'வரமுடியாது' என்று சொல்ல வாயெடுத்தேன். 'விமானத்தில் சன்னலோர இடம் கிடைக்குமா' என்றுதான் வந்தது.

அபூபக்கர் போனதும் மரகதம் சொன்னாள்: "போய்ட்டு வாங்க. எழுதுனத ஒரு தடவையாவது பாத்துட்டு வரலாம்ல."

செப்டம்பர் 19, செவ்வாய்

"பழைய பாஸ்போர்ட் இருந்தா விசாவுக்கு ஈசியா இருக்கும் சார்" என்றான் அபூபக்கர். தொலைந்துவிட்டது என்றேன். எழுபத்தொரு வயதில் முழங்காலைத் தவிர எல்லாம் சரளமாக வேலை செய்கின்றன, முக்கியமாக நாக்கு.

செப்டம்பர் 28, வியாழன்

வருகிறவர்களின் பட்டியல் வந்தது. பதினான்கு பேர். ஒன்பதாவது பெயர்: டாக்டர் மா. பூங்கோதை, கால்நடை மருத்துவர், மன்னார்குடி.

மாசிலாமணியின் மகள். மாசிலாமணி என்னோடு கல்லூரியில் படித்தவன். பிறகு சர்வேயராகி, ஈரானில் சாலை போடும் கம்பெனியில் மூன்று வருடம் வேலை பார்த்தான். 1981இல் மாரடைப்பில் போய்விட்டான். அப்போது அந்தப் பெண்ணுக்குப் பத்து வயது. அப்பா வேலை செய்த இடத்தைப் பார்க்க நினைத்திருக்கிறாள். இயல்புதான். இதில் நான் கவலைப்பட ஒன்றுமில்லை.

மதியச் சாப்பாடு வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

"அந்தப் பொண்ணுகிட்ட நீங்களே சொல்லிடுங்க" என்றாள் மரகதம்.

"என்ன சொல்லணும்?"

அவள் உளுந்தில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். ஒவ்வொரு கல்லாகத் தட்டில் போடும் சத்தம் கேட்டது.

செப்டம்பர் 30, சனி

மாசிலாமணி அங்கிருந்து எனக்குக் கடிதம் எழுதினான், உண்மைதான். அவற்றிலிருந்து சில குறிப்புகள் எடுத்துக்கொண்டேன், அதுவும் உண்மைதான். குறிப்பு எடுக்காமல் யார் நூல் எழுதுகிறார்கள்? கடிதங்கள் இப்போது இல்லை. கரையான்.

என் முன்னுரையை எடுத்துப் பார்த்தேன். கல்லூரி முதல்வருக்கு நன்றி, அச்சகத்தாருக்கு நன்றி, நூலகப் பணியாளருக்கு நன்றி, காமாலையைக் குணப்படுத்திய வைத்தியருக்குக்கூட நன்றி சொல்லியிருக்கிறேன். மாசிலாமணி பெயர் இல்லை. பக்கம் போதாமல் போயிருக்க வேண்டும்.

அக்டோபர் 18, புதன்

தீபாவளி. பாரசீகத்தில் போட்டுக்கொள்ள எடுத்துவைத்திருந்த வெள்ளைச் சட்டையின் கழுத்துப்பட்டையில் மரகதம் மஞ்சள் தடவிவிட்டாள். கை தவறித் தடவியது என்று நான் நம்பவில்லை, காமாலையை நினைவூட்டுகிறாள்.

அக்டோபர் 24, செவ்வாய்
சென்னை விமான நிலையம்

பூங்கோதை என்னைத் தேடி வந்தாள். உயரம், மாசிலாமணியின் அகன்ற நெற்றி, சாயம் பூசாத நரை. மாட்டுக்கு ஊசி போட்டுப் பழகிய கை என்பது அவள் என் பெட்டியைத் தூக்கி ஓரமாக வைத்த விதத்தில் தெரிந்தது.

"மாமா, என்னத் தெரியுதா?"

"தெரியாம என்னம்மா. அப்பன உரிச்சு வச்ச மாதிரி இருக்க."

கையில் என் புத்தகம் இருந்தது. "இத்தன வருஷமா எனக்கு இது தெரியாது மாமா. போன மாசம் அபூபக்கர்தான் குடுத்தாரு. நாலாவது அத்தியாயம் மட்டும் ரெண்டு தடவ படிச்சேன்."

"எப்படி இருந்துச்சு?" என்று கேட்டேன். தூக்குமேடையில் நிற்கும்போதுகூடக் கயிறு போடுகிறவனிடம் என் உரைநடை பற்றி அபிப்பிராயம் கேட்பேன் போலிருக்கிறது.

அவள் புத்தகத்தைப் புரட்டினாள். "எங்கப்பா பேசுற மாரியே இருந்துச்சு."

நல்லவேளையாக விமானத்துக்கு அழைத்துவிட்டார்கள்.

அக்டோபர் 26, வியாழன்
ஷிராஸ்

எங்களுக்கு அமர்த்தியிருக்கும் உள்ளூர் வழிகாட்டி பர்வானே என்ற பெண். முப்பத்தைந்து வயது இருக்கும். தெளிவான ஆங்கிலம் பேசுகிறாள், அதைவிடத் தெளிவாகக் கேள்வி கேட்கிறாள்.

"எழுபத்தாறில் எந்த விடுதியில் தங்கினீர்கள், பேராசிரியரே?"

"சின்ன விடுதி. இந்நேரம் இடித்திருப்பார்கள்."

"எந்தத் தெரு?"

"தெருவையும்."

நாள் முழுக்க இரண்டே வாக்கியங்களை வைத்துச் சமாளித்தேன். ஒன்று, 'இந்த இடம் எவ்வளவோ மாறிவிட்டது.' இன்னொன்று, 'இது மட்டும் மாறவே இல்லை.' மாற்றி மாற்றிச் சொன்னால் எந்த ஊரிலும் செல்லும். அபூபக்கர் இரண்டையும் கைபேசியில் பதிவுசெய்துகொண்டான்.

மதியம் நீளநீளமாகச் சோறு வந்தது. ஓய்வுபெற்ற தாசில்தார் சிங்காரவேலு தன் பையிலிருந்து பருப்புப்பொடி டப்பாவை எடுத்தார். பயணத்தின் உண்மையான தலைவர் யார் என்பது அந்த நிமிடமே முடிவாகிவிட்டது.

அக்டோபர் 27, வெள்ளி

இன்று நக்ஷ்-இ-ருஸ்தம். செங்குத்தான பாறையில் அர்தஷீர் பட்டமேற்கும் காட்சியைப் புடைப்பாகச் செதுக்கியிருக்கிறார்கள். வலப்பக்கம் குதிரைமேல் தெய்வம், எதிரே குதிரைமேல் அர்தஷீர். தெய்வம் ஆட்சி வளையத்தை நீட்டுகிறது, அரசன் கை நீட்டி வாங்குகிறான். நான் புகைப்படத்தில் நூறு முறை பார்த்தது. இத்தனை வருடம் அந்த மனிதனோடு குடித்தனம் நடத்தியிருக்கிறேன், இன்றுதான் முகம் பார்க்கிறேன். ஆனால் நான் இரண்டாம் முறை பார்ப்பவனாக நிற்க வேண்டியிருந்தது. வியப்பை விழுங்குவது கொட்டாவியை விழுங்குவதைவிடக் கஷ்டம்.

பூங்கோதை குதிரைகளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். "ஆளுக்குக் குதிர பத்தாது மாமா. இந்தக் கால வச்சுக்கிட்டு இவ்ளோ பெரிய ஆள சொமந்தா ஒரு வாரத்துல முட்டி போயிரும்."

பிறகு குதிரைகளின் குளம்படியைக் காட்டினாள். "கீழ கெடக்குறது யாரு?"

"அந்தப் பக்கம் தீமையின் தெய்வம். இந்தப் பக்கம் அர்தவான். அர்தஷீர்கிட்டத் தோத்த பேரரசன்."

பர்வானே இடையில் வந்தாள். குதிரைகளின் மேல் மூன்று மொழிகளில் எழுத்து வெட்டியிருப்பதைக் காட்டினாள். இது அர்தஷீர், இது தெய்வம் என்று பெயர் சொல்கிறதாம். "கீழே கிடப்பவர்களுக்குப் பெயர் வெட்டவில்லை" என்றாள். நான் தமிழில் சொன்னேன். பூங்கோதை "ம்" என்றாள்.

பேச்சை மாற்ற, அர்தஷீரின் அண்ணன் கதையைச் சொன்னேன். தந்தைக்குப் பின் அண்ணன் ஷாபூர்தான் அரசனானான். ஒரு பழைய கட்டடம் இடிந்து அவன்மேல் விழுந்தது. தம்பி அரியணை ஏறினான்.

"கட்டடம் தானாவா விழுந்துச்சு?" என்றார் தாசில்தார். எல்லோரும் சிரித்தார்கள்.

பேருந்துக்குத் திரும்பும்போது பூங்கோதை என் பக்கத்தில் நடந்தாள். "மாமா, அப்பா இங்கேருந்து எங்களுக்கு மாசம் ஒரு லெட்டர் போடுவாரு. நாலு வரி இருக்கும். ஒடம்பப் பாத்துக்க, மழ பேஞ்சுதா, பாப்பா ஸ்கூல் போவுதா. அம்மாவுக்குப் படிக்கத் தெரியாது, பக்கத்து வீட்ல குடுத்துப் படிக்கச் சொல்லும். அதனாலயே அவரு சுருக்கிட்டாரு. உங்களுக்குத்தான் பக்கம் பக்கமா எழுதுவாராம்."

"எழுதுனான். கொஞ்சம்."

"இருக்கா?"

"கரையான் அரிச்சிடுச்சும்மா."

அவள் தலையில் நழுவிய துணியை இழுத்துக் கட்டிக்கொண்டாள்.

அக்டோபர் 28, சனி

காலைச் சிற்றுண்டியின்போது அபூபக்கர் எழுந்து நின்று அறிவித்தான். நாளை பிரூசாபாத் அரண்மனைக்கு உள்ளேயே, குவிமாடத்தின் அடியிலேயே, சார் தன் நான்காம் அத்தியாயத்தை வாசிப்பார்.

எனக்கு உடனே தொண்டை கட்டியது. சைகையால் தெரிவித்தேன். பர்வானே ஓடிப்போய் ஏதோ ஒரு பழத்தின் விதையை வெந்நீரில் ஊறவைத்துக் கொழகொழவென்று கொண்டுவந்தாள். பதினான்கு பேர் பார்த்துக்கொண்டிருக்கக் குடித்தேன். கால்மணி நேரத்தில் தொண்டை சரியாகிவிட்டது என்று எல்லோரும் சேர்ந்து தீர்மானித்தார்கள்.

மதியம் மரகதத்துக்குப் போன் செய்தேன்.

"சொல்லிட்டீங்களா?"

"தொண்ட சரியில்ல."

"தொண்ட சரியில்லையா, தொண்டையில எதுவும் நிக்கிதா?"

இணைப்பு சரியில்லை என்று வைத்துவிட்டேன். அவள் குரல் பக்கத்து அறையிலிருந்து பேசுவதுபோல அவ்வளவு தெளிவாகக் கேட்டது.

அக்டோபர் 29, ஞாயிறு
ஷிராஸ் திரும்பும் பேருந்தில், பிற்பகல்

பக்கத்து இருக்கை காலி. முன் இருக்கையும் பின் இருக்கையும் காலி. எழுத வசதியாக இருக்கிறது.

வரிசையாக எழுதுகிறேன்.

மலை இடுக்கு வழியாகப் போனோம். அடியில் ஆறு, உச்சியில் ஒரு கோட்டை. இடுக்கு முடிந்ததும் சட்டென்று சமவெளி திறந்தது. அதன் ஓரத்தில் அரண்மனை. முன்னால் ஒரு சுனைக்குளம், கரையெல்லாம் நாணல். இறங்கியவன் அங்கேயே நின்றுவிட்டேன். காரணம் அழகு மட்டுமல்ல. எல்லாம் அந்தந்த இடத்தில் இருந்தன. நாணல் எங்கே, நீர் எங்கே கசிகிறது, எந்தப் பக்கமிருந்து பார்த்தால் வாசல் வளைவு நீரில் தெரியும், எல்லாமே எனக்குத் தெரிந்திருந்தது. மாசிலாமணி ஒரு அடிகூடத் தவறாக அளக்கவில்லை.

உள்ளே கூட்டிப்போய் குவிமாடத்தின் கீழ் நிறுத்தினார்கள். மேலே வட்டமாக வானம் தெரிந்தது. புறாக்கள் இருந்தன. அபூபக்கர் கைபேசியைத் தூக்கிப் பிடித்தான்.

வாசித்தேன். குளம் வரையில் நன்றாகப் போயிற்று. பிறகு இந்த வரி வந்தது: 'பளிங்குச் சுவர்கள் காலை ஒளியில் பாலாய் மின்னின.'

பதினான்கு பேரும் சுவரைப் பார்த்தார்கள். நானும் பார்த்தேன். கரடுமுரடான மலைக்கல்லைச் சுண்ணாம்பில் பதித்துக் கட்டிய சுவர். ஆயிரத்து எண்ணூறு வருடத்துப் பழுப்பு.

"பளிங்கு எங்க சார்?" என்றார் தாசில்தார்.

"நாப்பது வருஷத்துல பேந்துருக்கும்" என்று அபூபக்கர் முந்திக்கொண்டான். அவன் குரலில் சந்தேகமே இல்லை. எனக்காக ஒரு கதவைத் திறந்து பிடித்துக்கொண்டிருந்தான். நான் அதன் வழியே தாராளமாக நடந்து போயிருக்கலாம். பளிங்கு நான் சேர்த்தது. 'கல்லுடைத்து அப்படியே வைத்துப் பூசியிருக்கிறார்கள், நம்மூர் கொத்தனார் பார்த்தால் திட்டுவார்' என்றுதான் மாசிலாமணி எழுதியிருந்தான். அரண்மனைக்கு அது கௌரவமாக இல்லை என்று மாற்றினேன்.

அடுத்த வரி: 'குவிமாடத்தின் நடுவில் நின்று அர்தஷீர் என்று ஒருமுறை அழைத்தேன். கல் அந்தப் பெயரை இருமுறை திருப்பிச் சொன்னது.'

வாயைத் திறந்தேன். வரவில்லை. இந்த முறை தொண்டையின் மேல் குற்றமில்லை. பூங்கோதை நேர் எதிரே, சரியாக நடுவில், தலையை அண்ணாந்து நின்றிருந்தாள்.

புத்தகத்தை மூடினேன். "இது நான் எழுதுனது இல்ல" என்றேன். "நான் இங்க வந்ததே இல்ல. இதெல்லாம் மாசிலாமணி எழுதுன கடுதாசி. பூங்கோதையோட அப்பா. பளிங்கு மட்டும் என்னுது."

பூங்கோதை அண்ணாந்த தலையை இறக்கினாள். அவளைப் பார்த்துச் சொன்னேன்.

"அர்தஷீர்னு அவன் கூப்புடல. பூங்கோதைன்னு கத்துனான். கோதை, கோதைன்னு ரெண்டு தடவ திரும்பி வந்துச்சுன்னு எழுதுனான். காவக்காரர் சிரிச்சாராம். எம்பொண்ணு இவ்ளோ ஒசரம்னு கைய வச்சுக் காட்டுனானாம். நான் பேர மட்டும் மாத்திட்டேன்."

தாசில்தார்தான் முதலில் பேசினார். "அப்ப எழுபத்தாறுல நீங்க எங்க இருந்தீங்க?"

"மஞ்சக் காமாலையில படுத்திருந்தேன்."

யாரோ சிரித்துவிட்டு உடனே நிறுத்திக்கொண்டார்கள். பர்வானேக்குத் தமிழ் தெரியாது, ஆனால் அவளும் தரையைப் பார்த்தாள்.

அபூபக்கர் கைபேசியைக் கீழே இறக்கினான். "சார், கிளாஸ்ல சொன்னீங்களே சார். அந்தத் தண்ணியில கை வச்சா வெரல் மரத்துப்போற அளவுக்குச் சில்லுனு இருந்துச்சுன்னு சொன்னீங்களே. நான் எங்க வாப்பாகிட்டப் போயிச் சொன்னேன் சார்."

இதற்கு என்னிடம் தயாராக ஒரு நகைச்சுவை இருந்தது. சொல்லவில்லை.

பூங்கோதை, "கத்துனாரா, சொன்னாரா?" என்று கேட்டாள்.

"கத்துனேன்னு எழுதிருந்தான்."

எங்களை வெளியே போகச் சொன்னாள். போனோம். அவள் உள்ளே தனியாக நின்றாள். எந்தச் சத்தமும் வெளியே கேட்கவில்லை. பத்து நிமிடம் கழித்து வந்து குளத்தங்கரையில் என் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"கரையான்தானா மாமா?"

ஒரு மாதத்துக்கு முன்னால் இந்த நோட்டிலேயே கரையான் என்றுதான் எழுதிவைத்திருக்கிறேன். எனக்கு நானே சாட்சி தயார் செய்திருக்கிறேன்.

"இல்லம்மா. வெந்நீர் அடுப்புல போட்டேன். புத்தகம் அச்சாகி வந்த வாரம்."

"எத்தன?"

"நாப்பத்தி மூணு."

அவள் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தாள். "எங்கம்மா கடைசி காலத்துல முதியோர் கல்வியில சேந்து படிக்கக் கத்துக்கிச்சு. அப்பா எழுதுனத தானே படிக்கணும்னுதான். அந்த நாலு வரி லெட்டர வச்சுக்கிட்டே படிச்சுக்கிட்டு இருந்துச்சு. உங்க வீட்டுக்கு வந்து கேக்கச் சொன்னேன். பெரிய வாத்தியார், தொந்தரவு பண்ணக் கூடாதுன்னுடுச்சு."

எழுந்து போய்விட்டாள்.

மதியச் சோறு எனக்குக் கடைசியாக வந்தது. பருப்புப்பொடி டப்பா என் வரிசைக்கு வரவில்லை.

அக்டோபர் 30, திங்கள்

இன்று பீஷாபூர், அர்தஷீரின் மகன் கட்டிய நகரம். நான் பேருந்தைவிட்டு இறங்கவில்லை. முழங்கால் வலி என்று சொன்னேன். யாரும் நம்பவில்லை, இன்று பார்த்து அது உண்மை.

பர்வானே தேநீர் கொண்டுவந்து கொடுத்தாள். அபூபக்கர் அவளுக்கு எல்லாம் சொல்லியிருந்தான். "அர்தஷீரின் தாத்தா யார் என்று ஆளுக்கொரு விதமாகச் சொல்கிறார்கள், பேராசிரியரே. அவர் தனக்கேற்ற வம்சத்தைச் சேர்த்துக்கொண்டார் என்றும் சொல்வதுண்டு. அதற்காக அவரை யாரும் பேருந்தில் உட்காரவைக்கவில்லை."

ஆறுதலாகத்தான் சொன்னாள். ஆனால் அர்தஷீர் குறைந்தபட்சம் ஊரையாவது தானே கட்டினான்.

அக்டோபர் 31, செவ்வாய்

காலையில் மூன்று பேர் என்னிடம் பேசினார்கள்.

தாசில்தார்: "சார், உப்பு."

அபூபக்கர்: "அந்த அத்தியாயம் எனக்கு மனப்பாடம் சார். இனிமே சொல்றப்ப யார் எழுதுனதுன்னு சொல்லணும்?" மாசிலாமணி என்றேன். இனிஷியல் கேட்டான். 'க' என்றேன். குறித்துக்கொண்டு போனான். இன்னும் 'சார்' என்றுதான் கூப்பிடுகிறான். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

மூன்றாவதாகப் பூங்கோதை வந்து தன் புத்தகத்தையும் ஒரு பென்சிலையும் என் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தாள்.

"அப்பா எழுதுனதுக்கெல்லாம் அடியில கோடு போட்டுக் குடுங்க. ஊர் போய்ச் சேர்றதுக்குள்ள."

"நாலாவது அத்தியாயத்துக்கா?"

"புஸ்தகத்துக்கு."

நவம்பர் 1, புதன்

ஷிராஸில் எல்லோரும் தோட்டம் பார்க்கப் போயிருக்கிறார்கள். நான் அறையில் கோடு போடுகிறேன்.

நான்காம் அத்தியாயம் அரைமணியில் முடிந்தது. அதோடு போயிற்று என்றுதான் நினைத்தேன். இரண்டாம் அத்தியாயத்தில் மலைப்பாதையின் வர்ணனை அவனுடையது. கோடு. ஆறாம் அத்தியாயத்தில் வட்ட நகரத்தின் அகழியை நடந்தே சுற்றிவருவது அவனுடையது. கோடு. 'அண்ணன்மேல் கட்டடம் விழுந்ததைச் சொல்பவர்கள், விழுந்தபோது தம்பி எங்கே நின்றான் என்று சொல்வதில்லை.' இந்த ஒரு வரிக்காகவே எனக்கு வரலாற்றறிஞன் என்று பெயர் வந்தது. மாசிலாமணி வரலாறு படித்தவன் இல்லை. சாலை போடும் கூலியாட்களோடு தேநீர் குடிக்கும்போது கேட்ட கதையை எழுதி, கடைசியில் இதையும் போகிறபோக்கில் எழுதியிருந்தான். கோடு.

பென்சிலை இரண்டு முறை சீவினேன்.

மாலைக்குள் இருநூற்றுப் பன்னிரண்டு பக்கமும் முடிந்தது. எனக்கு மிஞ்சியவை: ஆண்டுகள், போர்களின் பெயர்கள், 'எனலாம்', 'என்பதில் ஐயமில்லை', அப்புறம் பளிங்கு.

கடைசிப் பக்கத்தில் மட்டும் ஒரு வாக்கியத்தில் தடுமாறினேன். அர்தஷீர் உயிரோடு இருக்கும்போதே மகனுக்கு முடிசூட்டியது பற்றியது. 'மணிமுடியைக் கழற்றிய கணத்தில்தான் மன்னன் தன் தலையின் பாரத்தை அறிந்தான்.' இது அவனுடையதா, என்னுடையதா? எவ்வளவு யோசித்தும் நினைவு வரவில்லை. நன்றாக இருக்கிறது. ஆகவே அவனுடையதாகத்தான் இருக்கும். கோடு போட்டேன்.

நவம்பர் 2, வியாழன்
ஷார்ஜா விமான நிலையம், அடுத்த விமானத்துக்காகக் காத்திருக்கும்போது

பூங்கோதையிடம் புத்தகத்தைக் கொடுத்தேன். எதிர் நாற்காலியில் உட்கார்ந்து கோடு போட்ட வரிகளை மட்டும் படித்தாள். உதடு அசைந்துகொண்டே இருந்தது. இரண்டு இடத்தில் சிரித்தாள். ஒரு இடத்தில் எழுந்து கழிப்பறைக்குப் போய்விட்டு, முகம் கழுவிக்கொண்டு வந்தாள்.

கடைசிப் பக்கத்தில் நின்றாள். "இது அப்பா எழுதுனது இல்ல."

"எப்படிச் சொல்ற?"

"தலையோட பாரம், மணிமுடி, இந்த அலங்காரமெல்லாம் அவருக்கு வராது மாமா. இது நீங்கதான்."

பென்சிலின் பின்பக்க ரப்பரால் அந்தக் கோட்டை அழித்தாள். இருநூற்றுப் பன்னிரண்டு பக்கத்தில் எனக்கென்று ஒரு வாக்கியம் திரும்பக் கிடைத்திருக்கிறது, நன்றாக இல்லாத காரணத்தால்.

சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை.

"லெட்டர்ல நீங்க புஸ்தகத்துக்கு எடுத்துக்காதது என்னென்ன இருந்துச்சு?" என்று கேட்டாள்.

அதை நான் யோசித்ததே இல்லை. அர்தஷீருக்குப் பயன்படாததை எல்லாம் அந்தக் காலத்தில் நான் தள்ளிவிட்டுத்தான் படிப்பேன். கூடாரத்தில் தேள் வந்தது. அவன் ஒரு நாய் வளர்த்தது, அதற்குத் தமிழில்தான் உத்தரவு போட்டது. சம்பளம் வாங்கிய அன்று ஊருக்குப் போன் செய்ய எண்பது மைல் போய், நம் ஊரில் யார் வீட்டிலும் போன் இல்லையே என்று அங்கே நின்றபோதுதான் உறைத்தது. சொல்லச்சொல்ல ஒவ்வொன்றாக வந்தன. அவள் கைப்பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்தாள். மாடுகளுக்கு ஊசி போட்ட தேதி குறிக்கும் நோட்டு. பின்பக்கமிருந்து எழுத ஆரம்பித்தாள்.

விமானத்துக்கு அழைத்தபோது பதினொன்றாவது கடிதத்தில் இருந்தேன்.

"மிச்சத்துக்கு வீட்டுக்கு வரேன்" என்றாள். "மன்னிச்சுட்டேன்னு நெனச்சுக்காதீங்க மாமா. வேற எங்கயும் இது இல்ல, அதனால வரேன்."

நவம்பர் 12, ஞாயிறு
கும்பகோணம்

பூங்கோதை பத்தரை மணிக்கு வந்தாள். மரகதம் அவளை உள்ளே அழைத்துப்போய் வெகுநேரம் பேசிக்கொண்டிருந்தாள். எனக்குக் கேட்காத அளவுக்குத் தணிந்த குரலில் மரகதம் பேசி நான் அறிந்ததில்லை. பிறகு இருவரும் வந்து எதிரே உட்கார்ந்தார்கள். விசாரணைக்கு நீதிபதிகள் இருவர்.

பன்னிரண்டாவது கடிதம். சாலையில் பனி விழுந்து வேலை நின்றுபோன வாரம் எழுதியது. கூடாரத்தை விட்டு வெளியே போகமுடியாமல் ஒன்பது பக்கம் எழுதியிருந்தான். பனியைப் பற்றி எல்லாம் சொன்னேன். இன்னும் ஒரு பகுதி இருந்தது. அதை விட்டுவிட்டுப் பதின்மூன்றுக்குப் போகலாமா என்று நினைத்தேன். மரகதம் என்னைப் பார்த்தாள்.

"கடைசியில இப்படி எழுதிருந்தான்" என்றேன். "'வேதா, பன்னிரண்டு கடிதம் போட்டுவிட்டேன். நீ ஒன்றுக்கும் பதில் எழுதவில்லை. பரவாயில்லை. உனக்கு எழுதும்போதுதான் நான் பார்த்தது எனக்கே புரிகிறது. ஆனால் ஒரு வரி போட்டால் இங்கே கொஞ்சம் குளிர் குறையும்.'"

பூங்கோதையின் பேனா நின்றது. "போட்டீங்களா?"

"மொத்தத்துல மூணு. அதுலயும் ரெண்டு, அந்த அரண்மனையோட நீள அகலம் என்னன்னு கேட்டு."

அவள் குனிந்து எழுதினாள். எழுதி முடித்ததும் நோட்டை என் பக்கம் திருப்பிக் காட்டினாள், சரிதானா என்று பார்க்க. மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படித்தேன். நான் சொன்னது சொன்னபடியே இருந்தது. ஒரு சொல்கூட அவள் சேர்க்கவில்லை.